சங்கு குளித்த கரை

திருமாலின் திருக்கரத்தில் பாஞ்சசன்னியமாக விளங்குவதாலும், கோயிலில் அபிஷேக தீர்த்தம் ஏந்துவதாலும், கல்யாணத்துக்கும் மயானத்துக்கும் ஒருங்கே ஒலிப்பதாலும், பிறந்த குழந்தைக்குப் பால் புகட்டும் முதற் பாத்திரமாகப் பாட்டிமார் கையில் இருந்ததாலும், சங்கு என்றவுடன் நம்மவர் மனத்தில் தெய்விகமும் மங்கலமும் துக்கமும் கலந்த ஒரு நினைவு எழுகிறதேயன்றி, கடலடி மணலைக் கீறி ஊர்ந்து புழுக்களைத் தின்று வாழும் ஒரு பிராணி நினைவுக்கு வருவதில்லை. அதனை மூச்சடக்கி மூழ்கி எடுத்து வந்த மனிதனும் அவ்வாறே மறக்கப்பட்டான். சங்கைப் பற்றி நம்மிடம் புராணம் இருக்கிறது, கவிதை இருக்கிறது, வைத்தியமும் இருக்கிறது; அதைக் குளித்தவர்களுடைய, அறுத்து வளையாக்கியவர்களுடைய சரித்திரம் மட்டும் சிதறிக் கிடக்கிறது. மன்னார் வளைகுடாவின் கரையில் இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக நடந்து வந்த அந்தத் தொழிலில் ஒரு பாதி நம்மிடம் நின்றது. மற்றொரு பாதி நம் கையைவிட்டு வடக்கே சென்று, அங்கேயே தங்கிவிட்டது.

தொழிலின் போக்கை அறிய, முதலில் அந்தப் பிராணியின் இயல்பை அறிந்தாக வேண்டும். விஞ்ஞானிகள் டர்பினெல்லா பைரம் என்று பெயரிட்டிருக்கும் இச்சங்கு, ஐந்து பாகம் முதல் பத்துப் பாகம் வரையிலான ஆழத்தில், மணலும் சேறும் விரவிய சமதரையில், புழுக்கள் மிகுந்த இடங்களை நாடிக் கூட்டங்கூட்டமாக வாழ்கிறது. பூஜை அறையில் நாம் காணும் பால்வெண்மை கடலில் இருக்கும்போது அதற்கு இல்லை; பழுப்பு நிறமான, மெல்லிய ரோமம் போன்ற ஒரு தோல் ஓட்டை முழுதும் போர்த்தியிருக்க, அதைச் சுரண்டி நீக்கிய பின்னரே பீங்கானை ஒத்த வெண்மை வெளிப்படுகிறது. ஓட்டினுள் இருக்கும் உடலோ செம்மஞ்சள் நிறத்தது. பகைவரைக் கண்டால் அது உள்ளே ஒடுங்கி, கடினமான ஒரு மூடியால் வாசலை அடைத்துக்கொள்ளும்; அந்த மூடியையும் மனிதன் விட்டுவைக்கவில்லை, தூபத்துக்குரிய வாசனைச் சரக்குகளுடன் சேர்த்து விற்றான்.

பெண் சங்கு முட்டையிடும் விதம் விசேஷமானது. ஆட்டுக்கடாவின் முறுக்கிய கொம்பைப் போல நீண்டு, பல அறைகளாகப் பகுக்கப்பட்டிருக்கும் ஒரு கூட்டை அது உண்டாக்கி, அதன் அடிமுனையை மணலில் புதைத்து நிறுத்துகிறது. அவ்வறைகளினுள்ளேயே முட்டைகள் வளர்ந்து, ஓடும் உருவமும் முற்றப் பெற்ற குட்டிச் சங்குகளாக வெளியே வந்து, பிறந்த இடத்திலேயே ஊரத் தொடங்குகின்றன. முத்துச் சிப்பியின் குஞ்சுகளோ கண்ணுக்குப் புலப்படாத நுண்ணுயிர்களாக நீரில் மிதந்து, நீரோட்டம் கொண்டுபோய் விட்ட இடத்தில் படிகின்றன. முத்துச் சலாபம் சில ஆண்டுகள் பெருஞ்செல்வமாகப் பொழிந்து, பின்பு பல ஆண்டுகள் அடியோடு வறண்டுபோவதும், சங்கு குளிப்பு ஆண்டுதோறும் தவறாமல் நடந்து வந்ததும் எதனால் என்று ஆராய்ந்தால், இந்த வேற்றுமை ஒரு முக்கிய காரணமாகத் தோன்றுகிறது. முத்தின் பெருமையைப் பாடாத யாத்திரிகர் இல்லை; கரையோர மக்களின் அடுப்பு அணையாமல் காத்தது சங்கே என்பதை எழுதியவர் சிலர்தாம்.

இத்தொழிலின் தொன்மைக்குச் சங்க நூல்கள் தெளிவான சாட்சி பகர்கின்றன. வலம்புரிச் சங்கைத் தேடி மூழ்கிய பரதவர், படகுகளில் திரும்பி வருகையில் சங்கொலி முழங்க, ஆரவாரம் மிகுந்த கொற்கை நகரம் அவர்களை எதிர்கொண்டழைத்த காட்சியை அகநானூற்றுப் பாடல் ஒன்று கூறுகிறது. மதுரைக்காஞ்சி கொற்கையைப் பேசுமிடத்து முத்தையும் ஒளிரும் வளையையும் சேர்த்தே பேசுவதோடு, மதுரை நகரத்து வீதியில் தொழில் செய்தோரை வரிசைப்படுத்தும்போது சங்கை அறுத்துக் கடைவோரையும் எண்ணுகிறது. வேள்வி செய்யாத பார்ப்பனன் ஒருவன் வாளரத்தால் வளைகளை அறுத்தெடுத்து, எஞ்சிய சங்கின் தலைப்பகுதியை ஒதுக்கிவிடுவதை மற்றோர் அகப்பாட்டு, அரும்பு ஒன்றுக்கு உவமையாக்குகிறது. அறுத்தபின் எஞ்சும் துண்டின் வடிவம் புலவருக்கும் கேட்போருக்கும் அவ்வளவு பழக்கமாக இருந்ததென்றால், அறுக்கும் பட்டறைகள் அக்காலத்து ஊர்களில் எவ்வளவு சாதாரணமாக இருந்திருக்க வேண்டும்! நக்கீரரைச் சங்கறுக்கும் குடியினராகச் சொல்லும் கர்ணபரம்பரையும் இதையொட்டி எழுந்ததே.

பாட்டு கூறுவதை மண்ணும் உறுதிப்படுத்துகிறது. தாமிரபரணி கடலில் கலக்கும் இடத்தருகே முன்னாளில் துறைமுகமாயிருந்து, ஆறு கொணர்ந்த வண்டலால் கடல் விலகிப்போக, இன்று வயல்களுக்கு நடுவே ஒரு சிற்றூராக நிற்கும் கொற்கையில், இரம்பத்தால் அறுபட்ட அடையாளம் மாறாத சங்குத் துண்டுகள் தரையிலேயே கிடைத்தன. சென்னை அரசாங்கத்தின் மீன்துறையில் பணியாற்றிய ஜேம்ஸ் ஹார்னெல் அவற்றைப் பொறுக்கி ஆராய்ந்து, 1914-இல் வெளியிட்ட தமது சங்கு பற்றிய நூலில் விவரித்திருக்கிறார். பிற்காலத்தில் தமிழக அரசின் தொல்லியல் துறையார் 1968-69-இல் அவ்வூரில் அகழ்ந்தபோது கிடைத்த கரித்துண்டு கி.மு. எட்டாம் நூற்றாண்டைச் சேர்ந்ததெனக் கணிக்கப்பட்டது. அழகன்குளத்திலும் கீழடியிலும் சங்கு வளைத் துண்டுகள் வெளிப்பட்டிருக்கின்றன. கி.பி. ஆறாம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதிய காஸ்மாஸ் என்னும் துறவி, இலங்கைக்கு எதிர்க்கரையில் மரல்லோ என்னும் துறை சங்குகளை ஏற்றுமதி செய்ததாகக் குறித்திருப்பதால், அறுத்த வளையேயன்றி முழுச் சங்கும் அக்காலத்திலேயே வெளியூர்களுக்குச் சென்றது என்று கொள்ளலாம்.

இவ்வாறு குளிப்பும் அறுப்பும் ஒரே கரையில் நடந்த நாட்டில், அறுப்பு எப்போது மறைந்தது, ஏன் மறைந்தது? பதினான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மாலிக் காபூரின் படையெடுப்பால் பாண்டிய நாடு கலங்கியதை ஒட்டிப் பட்டறைகள் அழிந்தன என்பது ஹார்னெலின் அபிப்பிராயம். யுத்தத்தால் ஒரு தொழில் நிலைகுலைவது உண்மையே. ஆயினும் ஒரு படையெடுப்பை மட்டும் காரணமாக்குவது எனக்கு முழுத் திருப்தி தருவதாக இல்லை. படை கடந்து சென்றபின் நெசவு மீண்டது, வெண்கல வார்ப்பு மீண்டது, கப்பல் வாணிபமும் மீண்டது. வளையறுப்பு மட்டும் மீளாமைக்கு, அணிவோரின் ருசி மாறியதே வலிய காரணமாக இருக்க வேண்டும். தமிழ்ப் பெண்டிர் உலோக வளைக்கும் பிற்காலத்தில் கண்ணாடி வளைக்கும் மாறினர். தாலியே சுமங்கலியின் தனிச் சின்னமாக நிலைபெற்றது. வங்காளத்திலோ, மணமகளின் கையில் ஏறும் சங்கு வளையே சுமங்கலித்துவத்தின் அடையாளமாகி, கணவன் இறக்கும்வரை கழற்றப்படாத நியமமாயிற்று. வாங்குவோர் இருக்குமிடத்துக்கே கைத்தொழில் போய்ச் சேரும். மூலப்பொருள் ஆயிரம் மைலுக்கப்பால் இருந்தாலும் அது தடையாவதில்லை. 1563-இல் கோவாவில் அச்சான தம் நூலில் கார்சியா த ஒர்த்தா என்னும் போர்த்துக்கீசிய வைத்தியர், இச்சங்கு வங்காளத்துக்கு ஏற்றுமதியாவதைக் குறிப்பிட்டிருக்கிறார். பதினேழாம் நூற்றாண்டில் டாக்கா சென்ற பிரெஞ்சு ரத்தின வியாபாரி தாவர்னியேவோ, அந்தப் பிரதேசத்தில் ஆமையோட்டிலும் கடற்சங்கிலும் வளை செய்வோர் இரண்டாயிரம் பேருக்கு மேல் இருந்ததாகவும், அவ்வளைகள் பூட்டான் முதலிய மலைநாடுகளுக்குச் சென்றதாகவும் எழுதுகிறார்.

கரையில் இருந்த பரதவரின் நிலைமை இக்காலத்தில் பெரிதும் மாறியது. 1530-களில் அவர்கள் போர்த்துக்கீசியரின் ஆதரவை நாடிக் கிறிஸ்தவ சமயத்தைத் தழுவினர். 1542-இல் புனித சவேரியார் இக்கரைக்கு வந்து ஊர் ஊராகச் சென்றார். போர்த்துக்கீசியருக்குப் பின் 1658-இல் ஒல்லாந்தர் தூத்துக்குடியைக் கைப்பற்றினர். இடையில் பலமுறை கைமாறிய அத்துறைமுகம் 1825-இல் ஆங்கிலேயருக்கு நிலையாக உரித்தாயிற்று. கொடி மாறினாலும், கடலடியில் கிடக்கும் சங்கு அரசுக்கே சொந்தம் என்னும் கொள்கை மாறவில்லை. சங்கு குளிக்கும் உரிமையைக் குத்தகைக்கு விடுவதும், குத்தகைக்காரர் குளியாளரிடம் தாம் வைத்ததே விலையாக வாங்குவதும் நெடுங்காலம் நடந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சென்னை அரசாங்கம் தூத்துக்குடிக் குளிப்பைத் தன் நேர் நிர்வாகத்தில் எடுத்துக்கொண்டது. குளித்தவனுக்குச் சங்கு ஒன்றுக்கு இவ்வளவு என்று கூலியே கிடைத்தது. அவன் எடுத்த பொருளின் மேல் அவனுக்குப் பாத்தியதை இருந்ததில்லை. இதைச் சொல்லும்போது நெஞ்சு கனக்கிறது.

குளிப்பின் முறையைச் சற்று விரித்துக் கூறுவது அவசியம். கச்சான் காற்று பலமாக வீசும் மாதங்களில் மன்னார் வளைகுடா கலங்கிப்போவதால், அக்காற்று அடங்கிய ஐப்பசி, கார்த்திகையில் தொழிலைத் தொடங்கி, மறுபடி அது எழும் வைகாசிக்கு முன் நிறுத்துவது வழக்கம். கடல் அமைதியாயிருந்தாலும் நீர் தெளிந்திராவிட்டால் பயனில்லை. அடித்தரையில் பாதி புதைந்து, சுற்றியுள்ள மணலின் நிறத்தையே கொண்டு கிடக்கும் பிராணியைக் கண்ணால் கண்டுதான் எடுக்க வேண்டும். விடியுமுன் நிலக்காற்றில் பாய் விரித்துப் புறப்படும் வள்ளங்கள் படுகையை அடைந்ததும், ஒருவர் கயிற்றைப் பிடித்திருக்க, மற்றொருவர் இடுப்பில் வலைப்பையுடன் இறங்குவார். ஆழம் மிகுந்த இடத்தில் கல்லின் பாரம் அவரை விரைவாகக் கீழே கொண்டுசேர்க்கும். ஒரு மூச்சுக்கு ஒரு நிமிஷ அளவே நேரம். அதற்குள் தரையோடு தரையாக நீந்தி, சங்கு ஊர்ந்த தடத்தைக் கண்டு, அதைப் பின்பற்றிச் சென்று, கைக்கு எட்டியதைப் பையிலிட்டு மேலே வர வேண்டும். முத்துச் சிப்பி பார் எனப்படும் கடலடிப் பாறையில் ஒட்டி ஓரிடத்தில் குவிந்து கிடப்பதால் அள்ளிக்கொண்டு வரலாம். சங்கோ தனித்தனியே சிதறி, நாளுக்கு நாள் இடம் மாறுவதால், அதைக் குளிப்பதற்குத் துணிவோடு கூர்மையான கண்ணும், படுகைகளைப் பற்றிய தலைமுறை அறிவும் வேண்டும். கரையிலுள்ள கோயிற் கோபுரத்தையோ பனந்தோப்பையோ குறியாகக் கொண்டு, கண்ணுக்குத் தெரியாத படுகையின் எல்லையைக் கடல் மேல் நின்றபடியே சொல்லும் வல்லமை படகுத் தலைவரான சம்மாட்டிமாரிடமும் முதிய குளியாளரிடமும் இருந்தது.

இராமேசுவரம் பக்கத்தில் கடையர் என்னும் வகுப்பாரும், கீழக்கரைப் பக்கத்து முஸ்லிம்களும் இத்தொழிலில் தேர்ந்தவர்களாக இருந்தனர். அக்கரைகளின் மரைக்காயர் வணிகர்கள் சங்கு வியாபாரத்தில் பெரும்பங்கு கொண்டனர். சுறாவைப் பற்றிய அச்சம் எல்லோருக்கும் பொது. பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் இக்கரையைப் பார்த்த மார்க்கோ போலோ, மீன்களை மந்திரத்தால் கட்டும் பிராமணர்களுக்கு முத்துக் குளிப்பில் இருபதில் ஒரு பங்கு கொடுக்கப்பட்டதையும், இரவில் எவரும் திருட்டாகக் குளிக்காதிருக்கும் பொருட்டு அவர்கள் மாலையில் கட்டை அவிழ்த்துவிடுவதையும் எழுதியிருக்கிறார். கடல்கட்டி எனப்பட்ட அம்மந்திரவாதியின் துணையை, பரதவர் கிறிஸ்தவரான பின்னும், ஆங்கில அரசாங்கம் முத்துக் குளிப்பை நடத்திய காலத்திலும் குளியாளர் விரும்பிக் கேட்டனர். இதனை மூடநம்பிக்கை என்று ஒதுக்கிவிடுவோர், மூச்சடக்கி ஆழத்தில் தனித்து நிற்பவனுக்குக் கரையில் ஒருவன் தனக்காக ஜபிக்கிறான் என்ற எண்ணம் எத்தகைய தைரியத்தைத் தரும் என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

பிற்பகலில் வள்ளங்கள் கரை சேர்ந்ததும் சங்குகள் அரசாங்கக் கிட்டங்கியில் எண்ணி ஒப்படைக்கப்படும். அங்கே ஒரு பலகையில் இரண்டேகால் அங்குல அளவில் வட்டத் துளை இருக்கும். அதில் நுழைந்து விழும் சங்கு இளையது என்று கொண்டு மீண்டும் கடலில் விடப்பட்டது. வளப் பாதுகாப்பு என்ற சொல்லே பரவாத காலத்தில் ஏற்பட்ட இந்த எளிய ஏற்பாடு, அத்தொழில் அத்தனை காலம் தேயாமல் நின்றதற்கு உற்ற காவலாயிருந்தது என்பதில் ஐயமில்லை. முதிர்ந்த சங்குகளைக் குவித்து உள்ளிருக்கும் தசை அழுகிக் கழியும்வரை விட்டு, கழுவி, தரம் பிரிப்பார்கள். அந்த நாட்களில் கிட்டங்கியைச் சுற்றிய வீதிகளின் நாற்றத்தைப் பற்றி அதிகாரிகள் பலர் முறையிட்டிருக்கிறார்கள். ஏழை மக்களோ தசையைப் புதிதாயிருக்கும்போதே துண்டமிட்டு உலர்த்தி உணவாக்கிக்கொண்டனர். கடற்பஞ்சினம் துளைத்துப் புரையோடிய சங்கு கழிவாக ஒதுக்கப்படும். நல்லவற்றிலும் ஜாதி, பட்டி என வியாபாரிகள் வேற்றுமை பாராட்டினர். யாழ்ப்பாணக் குடாநாட்டில், பன்னெடுங்காலத்துக்கு முன் செத்துச் சேற்றில் புதைந்துபோன சங்குகளையே தோண்டியெடுத்து வங்காளத்துக்கு அனுப்பினார்கள் என்றால், அங்கிருந்த தேவையின் அளவை ஊகித்துக்கொள்ளலாம்.

வலம்புரியைப் பற்றி உலகம் வேண்டிய அளவு பேசியிருக்கிறது. எதிர்ப்புறமாகச் சுழன்ற ஓடு லட்சக்கணக்கில் ஒன்றாக அபூர்வமாய்க் கிடைப்பது. அரசர்கள் அதைப் பொன்னுக்கு மேலாக மதித்தார்கள். திருவிதாங்கூர் சமஸ்தானம் அதையே இலச்சினையாகக் கொண்டது. இப்போது அமெரிக்கக் கடற்கரையில் இயல்பாகவே அப்படிச் சுழலும் வேறொரு நத்தையினத்தின் ஓட்டை வலம்புரி என்று விற்கும் மோசடியும் நடக்கிறது.

சங்கின் பொருட்டு எழுந்த வழக்கு ஒன்று சர்வதேசக் கடற்சட்டத்திலும் இடம் பெற்றது. இராமநாதபுரம் சமஸ்தானத்துக்குரிய பாக் விரிகுடாப் படுகைகளில் உத்தரவின்றிச் சங்கெடுத்தது பற்றிய அவ்வழக்கில், 1904-ஆம் ஆண்டளவில் சென்னை உயர் நீதிமன்றம், கரையிலிருந்து மூன்று மைலுக்கு அப்பாற்பட்டதாயினும் அந்நீர்ப்பரப்பு இந்நாட்டு அரசின் எல்லைக்கு உட்பட்டதே என்று நெடுங்கால அனுபோகத்தைப் பிரமாணமாகக் கொண்டு கூறியது. சரித்திரத்தால் உரித்தான கடல் என்னும் கருத்தைப் பேசும் பிற்காலச் சட்ட நூல்கள் இத்தீர்ப்பை எடுத்துக்காட்டுகின்றன. வாய்மொழியாக வந்த கரையோர வழக்கம் ஒன்று நீதிமன்றத்தில் சாட்சியாக ஏறி நின்றது பெருமைக்குரிய செய்தி. அந்த வழக்கத்தைத் தம் உடலால் காத்துவந்த குளியாளருக்கு அதனால் வந்த லாபம் யாதென்று கேட்டால் விடை சொல்வது கடினம்.

டாக்காவுக்குச் சென்ற சங்கின் கதியையும் சொல்லிவிட வேண்டும். அந்நகரத்துச் சங்கரி பஜார் என்னும் ஒடுங்கிய நீள்வீதியில், முன்பக்கம் சில முழமே அகன்று உள்ளே ஆழ்ந்து செல்லும் வீடுகளில், தொழிலாளி தரையில் அமர்ந்து, காலால் சங்கை இறுக்கிப் பிடித்து, பிறைவடிவான கனத்த இரும்பு இரம்பத்தை இரு கைகளாலும் ஆட்டி வளையம் வளையமாக அறுத்தான். மூக்கிலும் மார்பிலும் வெண்தூள் படிய நாள் முழுதும் செய்த அந்த வேலைக்கும், வாளரம் கொண்டு அறுத்த அகநானூற்று மனிதனின் வேலைக்கும் முறையில் பெரிய பேதம் இருந்திருக்க முடியாது. வளைக்கு உதவாத பகுதிகள் மோதிரமாயின, பொத்தானாயின, சுண்ணாம்பாயின. நாகர் முதலிய மலைவாழ் மக்கள் சங்கின் தகட்டைக் கழுத்தணியாகப் போற்றினர். 1971 மார்ச்சு இறுதியில் பாகிஸ்தான் ராணுவம் டாக்காவில் நடத்திய படுகொலையில் சங்கரி பஜார் தாக்கப்பட்டு, மக்கள் மாண்டனர், வீடுகள் எரிந்தன. எஞ்சியோரில் பலர் மேற்கு வங்காளம் சென்று சேர்ந்தனர். தமிழ்க் கரையிலிருந்து ஒரு முறை பெயர்ந்த கைத்தொழில் இவ்வாறு இரண்டாம் முறையும் ஊர் விட்டு ஊர் போக நேர்ந்தது.

இங்கே கடலிலும் மாறுதல் வந்தது. இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்குப் பின் இயந்திரப் படகுகள் பெருகி, இறாலை நாடி அடித்தரையை வாரிச் செல்லும் இழுவலை பரவியபோது, அதனுள் சங்கும் சேர்ந்து அகப்பட்டது. குளியாளன் கண்ணால் பார்த்துப் பெரியதை எடுத்துச் சிறியதை விட்டான். தப்பிய சிறியதைப் பலகைத் துளை காத்தது. வலைக்குப் பெரிது சிறிது இல்லை; மணலில் ஊன்றி நிற்கும் முட்டைக் கூடுகளும் அதோடு பெயர்ந்து வந்துவிடுகின்றன. பிறந்த இடத்தைவிட்டு வெகுதூரம் பரவும் சக்தி குட்டிச் சங்குக்கு இல்லையாதலால், ஒரு படுகை துடைக்கப்பட்டால் வேறொரு படுகையிலிருந்து நீரோட்டம் வித்துக் கொண்டுவந்து அதை நிரப்புவதும் எளிதில் நடப்பதன்று. தூத்துக்குடியிலுள்ள மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தார் முட்டைக் கூடுகளைத் தொட்டி நீரில் வைத்துக் காத்து, வெளிவந்த குட்டிகளை வளர்த்துக் கடலில் விடும் முயற்சியில் ஈடுபட்டார்கள். அப்படி விடப்பட்ட குட்டி, பலகையின் இரண்டேகால் அங்குலத் துளையில் நுழையாத அளவுக்குத் திரள்வதற்குப் பல ஆண்டுகள் ஆகும். அத்தனை ஆண்டுகளும் அது கிடக்கும் மணல்மேல் இழுவலை ஓடாமலிருக்க வேண்டும்.